ஜூரி தேர்வில் பாகுபாடு: பேட்சன் சோதனையா, வாஷிங்டன் விதி 37-ஆ?

அமெரிக்கக் கொலை வழக்குகளில் நிறவெறி ஜூரி (தீர்ப்புச் சொல்லும் பொதுமக்கள் குழு) தேர்விலேயே நுழைந்துவிடுவதுண்டு. ஜூரிக்கு அழைக்கப்பட்டவர்களில் சிலரைக் காரணம் சொல்லாமலே நீக்கப் பெரும்பாலான மாநிலங்களில் இருதரப்பு வக்கீல்களுக்கும் உரிமை உண்டு.

இனம் பார்த்து நீக்கினார்களா என்று கண்டறிய, 1986-இல் அமெரிக்க உச்ச நீதிமன்றத் தீர்ப்பில் வந்த பேட்சன் சோதனைக்கு மூன்று படிகள். எதிர்த்தரப்பு சந்தேகத்துக்கு முகாந்திரம் காட்டவேண்டும். நீக்கியவர் இனம் சாராத காரணம் சொல்லவேண்டும். அது வெறும் சாக்கா என்பதை நீதிபதி முடிவு செய்வார். ஓட்டை இரண்டாம் படியில்தான்: 'போலீஸை நம்பாதவர்' என்றாலே பெரும்பாலும் தப்பிவிடலாம். மிசிசிப்பி மாநிலத்தில், கொலைக் குற்றம் சாட்டப்பட்ட கறுப்பினத்தவரான கர்டிஸ் பிளவர்ஸ் மீது ஒரே வழக்கில் ஆறு விசாரணைகள். அரசுத் தரப்பு நீக்கியிருக்கக்கூடிய 42 கறுப்பினத்தவரில் 41 பேரை நீக்கியது. ஆறாவது விசாரணையின் தண்டனையை 2019-இல்தான் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது.

வாஷிங்டன் மாநிலத்தின் விதி 37 (2018) உள்நோக்கத்தை நிரூபிக்கச் சொல்வதில்லை. நடுநிலையாளர் கண்ணுக்கு இனமும் ஒரு காரணமாகத் தோன்ற இடமிருந்தால் போதும், நீக்கம் செல்லாது. போலீஸ் மீதான அவநம்பிக்கையும் ஏற்கத்தகாத காரணமாகவே முதலில் கொள்ளப்படும். எங்கள் பார்வையில் இதுவே மேல். ஆனால் அந்த மாநில நீதிமன்றங்களுக்கு வெளியே செல்லுபடியாகாது.