ஹெட்போன் போட்டு பாருங்க: 'அன்யெஸின் கடற்கரைகள்' ரிவ்யூ

டாகுமெண்டரின்னாலே பாதில தூங்கிடுற ஆளு நான். இத ரெண்டு தடவ பார்த்துட்டேன். பிரெஞ்சு டைரக்டர் அன்யெஸ் வர்தா தன்னோட 80 வயசுல தன் கதைய தானே சொல்ற படம், 2008ல வந்தது. தொடக்கமே பெல்ஜியம் பீச்சு, மணல்ல பெரிய பெரிய கண்ணாடியா நிறுத்தி வெச்சிருக்காங்க, கடல் முன்னாடியும் இருக்கு பின்னாடியும் இருக்கு, எது நிஜம்னு புரியறதுக்கே கொஞ்ச நேரம் ஆகும். அப்புறம் அவங்க பின்னோக்கியே நடக்குறாங்க. கூட உக்காந்திருந்த அம்மா "ஐயோ விழுந்துடப் போறாங்கடா"ன்னு பதறினாங்க.

ஆனா நான் இத ரெகமெண்ட் பண்றது நுவார்மூத்தியே தீவு வர்ற பகுதிக்காகத்தான். பிரான்ஸோட மேற்குக் கரைல இருக்கு. 1971ல பாலம் வர்ற வரைக்கும் கடல் வத்தும்போது மட்டும் தெரியுற ஒரு ரோடுதான், நாலு கிலோமீட்டருக்கு மேல, நேரம் தப்பினா தண்ணி மூடிடும். அன்யெஸுக்கு இந்தத் தீவ காட்டினது புருஷன் ஜாக் தெமி, அவரும் டைரக்டர்தான், 1990ல இறந்து போயிட்டாரு. அதனால தீவுன்னு சொன்னாலே அவங்களுக்கு அவருதான். போட்டோகிராபரா ஆரம்பிச்சு சினிமாவுக்கு வந்து, எழுபது தாண்டின பிறகு கேலரில வைக்கிற மாதிரி வேலையெல்லாம் பண்ண ஆரம்பிச்சாங்க, அதுல ஒண்ணுதான் இந்தத் தீவோட விதவைங்க பத்தினது. நடுவுல பெரிய ஸ்கிரீன், அதுல கறுப்பு டிரஸ் போட்ட பொம்பளைங்க பீச்சுல ஒரு மேஜைய சுத்தி சுத்தி நடக்குறாங்க. சுத்தி 14 சின்ன ஸ்கிரீன், ஆளுக்கு ஒண்ணு. எதிர்ல 14 நாற்காலி, 14 ஹெட்போன். நீங்க எந்த நாற்காலில உக்காருறீங்களோ அந்த ஒருத்தரோட குரல் மட்டும்தான் காதுல விழும், மத்தவங்க வாய் அசையுறது தெரியும், அவ்ளோதான். அந்தப் பதினாலுல ஒருத்தர் அன்யெஸே.

இங்கதான் என் குறை. படத்துல இத எட்ட நின்னு காட்டிட்டு போயிடுறாங்க, நாற்காலிய மாத்தி உக்காருற அனுபவம் வீட்ல கிடைக்க வாய்ப்பே இல்ல. 2006ல பாரிஸ்ல கார்த்தியே ஃபவுண்டேஷன்ங்கிற கலைக்கூடத்துல இந்தத் தீவு வேலைங்கள எல்லாம் சேர்த்து வெச்சிருந்தாங்க, அத நேர்ல பார்த்தவங்க மேல எனக்கு பொறாமைதான்.

அதே கண்காட்சில ஒரு குடிசையும் இருந்தது. 1966ல இதே தீவுல பிரெஞ்சு நடிகை கேத்தரின் தெனூவ வெச்சு ஒரு படம் எடுத்து, ஓடல. அந்தப் பிரிண்ட்ட தூக்கிப் போடாம சுவரா தொங்கவிட்டு குடிசை கட்டிட்டாங்க. ஃபிலிம் வழியா வெளிச்சம் வருது, கிட்ட போனா ஒவ்வொரு கட்டத்துலயும் குட்டியா தெனூவ். ஃபிளாப் ஆன படத்துக்குள்ள போய் சிரிச்சுக்கிட்டே உக்காந்திருக்காங்க மனுஷி!

நடுவுல ஹாலிவுட், பழைய நண்பர்கள்னு கொஞ்சம் இழுக்கும், பேர் தெரியாதவங்களுக்கு போர்தான். நான் வாடகைக்கு எடுத்த ஆப்ல சப்டைட்டில் வெள்ளை எழுத்து, படம் முழுக்க வெள்ளை மணல், பாதி வரி கண்ணுக்கே தெரியல. செட்டிங்ஸ்ல மஞ்சளா மாத்திட்டு ஆரம்பிங்க. எனக்கு ரெண்டாவது தடவதான் அது தோணுச்சு. அந்த தடவ அம்மா மேஜைய சுத்துற சீனுக்கு மட்டும் வந்து உக்காந்துட்டு எழுந்து போயிட்டாங்க.