நெற்றிப் பட்டைக்கு மூன்று நட்சத்திரம், ஒப்புதல் படிவத்திற்கு ஒன்றுமில்லை

தியானத்தின்போது மூளையின் மின்னலைகளை அளந்து மன அமைதிக்கு மதிப்பெண் தருவதாகச் சொல்லி விற்கப்படும் நெற்றிப் பட்டை ஒன்றைச் சில வாரங்களாகப் பயன்படுத்தி வருகிறேன். எடை குறைவு, பசை தேவைப்படாத உலர் மின்முனைகள் நெற்றியிலும் காதுகளுக்குப் பின்னாலும் சரியாகப் படிகின்றன.

மதிப்பெண்ணை மட்டும் அப்படியே நம்ப வேண்டாம். மூளையிலிருந்து தலையின் தோலை எட்டும் மின்னழுத்தம் பெரும்பாலும் 100 மைக்ரோவோல்ட்டுக்கும் குறைவு என்பதால், கண் இமைப்பதும் பல்லைக் கடிப்பதுமே அதை மூழ்கடித்துவிடும். கண்களை மூடி ஓய்வாக இருக்கும்போது வலுப்பெறும் 8 முதல் 13 ஹெர்ட்ஸ் வரையிலான ஆல்ஃபா அலைகள் பின்தலையில்தான் மிகத் தெளிவாகத் தெரியும். அங்கே இந்தப் பட்டையில் மின்முனையே இல்லை. அசையாமல் உட்காரப் பழகுவதற்கு இது உதவுகிறது, அவ்வளவே.

எனக்கு உறுத்துவது செயலியின் ஒப்புதல் படிவம். பயன்பாட்டு விதிகளையும், நம் மூளைப் பதிவுகளை ஆய்வுக்குப் பயன்படுத்துவதற்கான அனுமதியையும் ஒரே 'ஏற்கிறேன்' பொத்தானில் அடக்கியிருக்கிறார்கள். அதை அழுத்தாமல் கருவி இயங்காது. மனிதர் மீதான ஆய்வில் பங்கேற்பவர் அதன் தன்மை, கால அளவு, நோக்கம் ஆகியவற்றை அறிந்து தாமாக இசைய வேண்டும் என்று நாஜி மருத்துவர்கள் மீதான வழக்கின் தீர்ப்பில் இடம்பெற்ற 1947-இன் நியூரம்பெர்க் நெறிகள் வரையறுத்தன. இந்தப் படிவத்தில் அம்மூன்றில் ஒன்றுகூட இல்லை. 1950-களின் இறுதியில் கனடாவின் மான்ட்ரியாலில் மனநல மருத்துவர் டொனால்டு யூயன் கேமரன் நடத்திய சோதனைகளில், சிகிச்சைக்கு வந்தவர்கள் தமக்குத் தெரியாமலேயே ஆய்வுப் பொருளாக்கப்பட்டார்கள். அங்கு நேர்ந்த கொடுமையை இதற்கு ஈடாக வைக்க முடியாதுதான்; ஆனால் வேறொன்றை நாடி வந்தவரைக் கேட்காமலே சோதனைக்குள் சேர்த்துக்கொள்ளும் வழக்கம் இங்கும் தொடர்கிறது.

என் பதிவுகளை நீக்கக் கேட்டபோது, பெயர் அகற்றப்பட்டு ஆய்வுத் தொகுப்பில் சேர்ந்தவற்றை இனிப் பிரிக்க இயலாது என்று பதில் வந்தது. சிலி நாடு 2021-இல் மூளைச் செயல்பாட்டுக்கும் அதிலிருந்து பெறும் தகவலுக்கும் அரசியலமைப்பிலேயே பாதுகாப்பளித்தது. 2023-இல் அந்நாட்டு உச்ச நீதிமன்றம், இத்தகைய கருவி ஒன்றின் மூலம் திரட்டப்பட்ட ஒரு பயனரின் மூளைத் தரவை நீக்குமாறு நிறுவனத்துக்கு உத்தரவிட்டது. அமெரிக்காவின் கொலராடோ மாநிலமும் 2024-இல் நரம்புத் தரவைத் தனியுரிமைச் சட்டத்துக்குள் கொண்டுவந்தது. எனவே மூளைத் தரவுக்குப் பாதுகாப்பளிப்பது செய்ய முடியாத காரியமன்று.

ஆய்வுக்கான அனுமதியைத் தனிக் கேள்வியாகப் பிரித்து, மறுப்பவருக்கும் கருவி முழுமையாக இயங்கும்படி செய்யும்வரை இதை வாங்குமாறு யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன்.