முகமது அலி: ஒரு படமும் ஒரு தொடரும்

குத்துச்சண்டை வீரர் முகமது அலியைப் பற்றி வந்துள்ள ஆவணப்படங்களில் இரண்டைத் தவறவிடக் கூடாது: லியோன் காஸ்ட் இயக்கிய ‘வென் வி வேர் கிங்ஸ்’ (1996), கென் பர்ன்ஸ் குழுவினர் 2021இல் நான்கு பகுதிகளாக எடுத்த ‘முகமது அலி’ தொடர். புதுச்சேரியில் எங்கள் திரைப்பட வட்டத்தில் இரண்டையும் அடுத்தடுத்துத் திரையிட்டார்கள்.

காஸ்டின் படம் ஒரே சண்டையைச் சுற்றி நிற்கிறது. 1974 அக்டோபர் 30 அன்று, அப்போது ஜைர் எனப்பட்ட காங்கோவின் கின்ஷாசா நகரில், 32 வயது அலி, 25 வயது சாம்பியன் ஜார்ஜ் ஃபோர்மனை எதிர்கொண்டார். ஜோ ஃபிரேசியரையும் கென் நார்ட்டனையும் இரண்டாம் சுற்றிலேயே முடித்தவர் ஃபோர்மன். அலி வெல்வார் என நம்பியவர்கள் குறைவு. அலியோ கயிற்றில் சாய்ந்து, முகத்தைக் கைகளால் காத்து, எதிராளி அடித்தடித்துக் களைக்கும்வரை பொறுத்திருந்து எட்டாம் சுற்றில் அவரை வீழ்த்தினார். பணத் தட்டுப்பாடும் வழக்குகளும் குறுக்கிட்டதால் படம் வெளிவர 22 ஆண்டுகள் ஆயின. அதற்குள் பார்கின்சன் நோய் அலியின் பேச்சை ஒடுக்கிவிட்டிருந்தது. அதை அறிந்து பார்ப்பவருக்கு, படம் முழுவதும் ஓயாது பேசும் அந்த இளைஞரைக் காணும்போது நெஞ்சு கனக்கிறது. ஆயினும், வெற்றிக்காக அந்த உடல் வாங்கிய அடிகளுக்குப் பிற்காலத்தில் என்ன விலை கொடுக்க நேர்ந்தது என்பதைப் படம் விரித்துப் பேசவில்லை.

அதைப் பேசுவது பர்ன்ஸின் தொடர். வியட்நாம் போருக்குச் செல்ல 1967இல் மறுத்ததால் அலியின் சாம்பியன் பட்டம் பறிக்கப்பட்டு, அவர், மூன்றரை ஆண்டுகள் களத்துக்கு வெளியே நிறுத்தப்பட்ட வரலாற்றை அதன் இரண்டாம் பகுதி பொறுமையாக விரிக்கிறது. பிரெஞ்சுப் படையில் பணியாற்றிய சொல்தாக்களின் குடும்பங்கள் நிறைந்த எங்கள் ஊரில் இது யாரோ ஒருவரின் கதையாகத் தோன்றுவதில்லை. எங்களோடு பார்த்த முதிய சொல்தா ஒருவர், அலி படையில் சேர மறுக்கும் இடத்தை மட்டும் மறுபடி போடச் சொன்னார். தடைக்காலத்தில் தமக்கு ஆதரவாக நின்ற ஃபிரேசியரையே அலி பின்னாளில் ‘கொரில்லா’ என இழிவுபடுத்தியதையும் தொடர் மறைக்கவில்லை. நாயகனை நேசித்துக்கொண்டே அவர் செய்த தவற்றையும் காட்டும் இந்த நேர்மையையே நான் பெரிதும் மதிக்கிறேன்.

1980இல் அலி சென்னைக்கு வந்து ஜிம்மி எல்லிஸுடன் காட்சிப் போட்டியில் மோதியதை நம் பக்கத்துப் பெரியவர்கள் இன்றும் பெருமையோடு நினைவுகூர்கிறார்கள். அதே ஆண்டு அக்டோபரில் லாரி ஹோம்ஸிடம் பத்துச் சுற்றுகள் அடிவாங்கிய அலியைப் பயிற்சியாளர் ஆஞ்செலோ டண்டி மேலும் ஆடவிடாமல் நிறுத்தியதை நான்காம் பகுதியில் பார்ப்பது கடினம். குறை என்றால், 1974 முதல் 2016 வரையிலான நாற்பத்திரண்டு ஆண்டுகளை ஒரே பகுதிக்குள் அடக்கியதால், நோயோடு வாழ்ந்த நெடுங்காலம் விரைவாகக் கடந்துபோகிறது. ஏறத்தாழ எட்டு மணி நேரம் ஒதுக்க முடியாதவர்கள் காஸ்டின் படத்தை முதலில் பார்த்துவிட்டு, தொடரில் இரண்டாம், நான்காம் பகுதிகளை மட்டுமாவது பார்க்கலாம்.