சம்பள வழக்கைத் தொடர இ-கோர்ட்ஸ் செயலி: மருத்துவமனை ஊழியர்களுக்கு எதுவரை கைகொடுக்கும்?

தொகுப்பூதியத்திலிருந்து (மாதம் ஒரே மொத்தத் தொகை) காலமுறை ஊதியம் (நிரந்தரப் பதவிக்குரிய ஊதிய விகிதம்), ஊதிய நிர்ணயம், அரியர்ஸ் என எதற்கு ரிட் (அரசுத் துறைக்கு எதிராக உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட்டாலும் கோவை, திருப்பூர், ஈரோடு, நாமக்கல், சேலம், நீலகிரிக்காரர்களின் வழக்கு சென்னை உயர் நீதிமன்றத்தில்தான். ஒட்டியிருக்கிற கரூருக்கு மதுரைக் கிளை. நைட் டூட்டியை மாற்றிவிட்டு சேரன் எக்ஸ்பிரஸ் ஏறி வழக்கு நிலவரம் கேட்டு வரும் அலைச்சலை இந்த இலவசச் செயலி பெருமளவு குறைத்திருக்கிறது. வழக்குப் போட்ட ஒவ்வொருவர் போனிலும் இருக்க வேண்டும்.

செயலியில் முதலில் மாவட்ட நீதிமன்றத்தை விட்டு உயர் நீதிமன்றத்துக்கு மாற்றி, மெட்ராஸ், பிறகு சென்னை அமர்வு அல்லது மதுரைக் கிளை என்று தேர்ந்தெடுங்கள். இதில் தவறினால் இருக்கிற வழக்கும் இல்லை என்றே வரும். அடுத்து டபிள்யூ.பி. (ரிட் மனு) எண், ஆண்டு. மனு தாக்கலானதும் கிடைப்பது எஸ்.ஆர். எண் என்ற தற்காலிகப் பதிவு எண்தான், குறை சொல்லித் திருப்பப்பட்ட மனு சரிசெய்யப்பட்டு ஏற்கப்பட்ட பிறகே டபிள்யூ.பி. எண் விழும். வக்கீல் குமாஸ்தாவிடம் எந்த எண் என்று கேட்டு வாங்குங்கள். வழக்கு கிடைத்ததும் அந்த வழக்குக்கே உரிய 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைச் சேமித்துவிட்டால் மறுபடி தேட வேண்டியதில்லை.

தாக்கல் தேதியைக் கட்டாயம் பாருங்கள். மாதாமாதம் குறைவாகச் சம்பளம் வருவது தொடரும் பாதிப்பு என்பதால் தாமதமாக வந்தாலும் வழக்கு நிற்கும். ஆனால் நிலுவை பொதுவாக மனு போட்ட நாளுக்கு முந்தைய 3 ஆண்டுக்குத்தான் என்று 2008ல் தர்செம் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. கோரிக்கை மனு கொடுத்துக்கொண்டே காலம் போக்கினால் கைக்காசு கரைகிறது.

செயலியின் பெரிய குறை, துறை தன் பதிலாகத் தாக்கல் செய்யும் எதிர்மனு இதில் கிடைக்காது. வழக்கின் உயிரே அதில்தான் இருக்கிறது. ‘இவர்கள் ஒப்பந்தப் பணியாளர்கள், அனுமதிக்கப்பட்ட பணியிடம் இல்லை’ என்பதே வழக்கமான பதில். உச்ச நீதிமன்றத்தின் 2016 ஜக்ஜித் சிங் தீர்ப்புப்படி, நிரந்தர ஊழியர் செய்யும் அதே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கு அந்தப் பதவியின் ஊதிய விகிதத்தில் குறைந்தபட்சம் உண்டு. ஆனால் அதே வேலைதான் என்று நிரூபிக்கும் பொறுப்பு ஊழியருடையது. 2015ல் 7,700 ரூபாய் தொகுப்பூதியத்தில் வந்த செவிலியரானாலும் லேப் டெக்னீஷியனானாலும், நிரந்தரப் பணியாளர் பெயரோடு தன் பெயரும் இருக்கும் டூட்டி லிஸ்ட், பணி நியமன ஆணை, சம்பளச் சீட்டு மூன்றும் வேண்டும். இல்லாததை 10 ரூபாய்க் கட்டணத்தில் தகவல் உரிமை மனு போட்டு வாங்குங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும்.

வழக்கு முடிந்தது என்று செயலி காட்டினால் உடனே வாட்ஸ்அப் குழுவில் இனிப்புப் படம் போட்டுவிட வேண்டாம். உத்தரவு பி.டி.எஃப்.பைத் திறந்து கடைசிப் பத்தியைப் படியுங்கள். ‘மனுவைப் பரிசீலித்து 12 வாரத்துக்குள் முடிவெடுக்க வேண்டும்’ என்று இருந்தால் பணம் தரச் சொல்லவில்லை. துறை நிராகரித்தால் அந்த நிராகரிப்பு ஆணையை எதிர்த்துப் புதிய ரிட் போட வேண்டும். ‘வழங்க வேண்டும்’ என்றிருந்தால்தான் அது பணம் தரச் சொன்ன உத்தரவு.

உத்தரவில் சொன்ன கெடு பெரும்பாலும் அதன் நகல் துறைக்குக் கிடைத்த நாளிலிருந்து ஓடும். செயலியில் எடுத்த பிரிண்டை நம்பாமல், சான்றிட்ட நகலை பட்டுவாடா சான்றுடன் ஸ்பீட் போஸ்டில் மருத்துவமனை நிர்வாகம், இயக்குநரகம், துறைச் செயலர் மூவருக்கும் அனுப்புங்கள். கெடு தாண்டியும் பணம் வராவிட்டால் அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுதான். 1971 நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 20ஆம் பிரிவு அப்படி.

துறை மேல்முறையீடு செய்தால், சேமித்து வைத்த பழைய ரிட்டை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தால் தெரியாமல் போகலாம். அது டபிள்யூ.ஏ. (ரிட் மேல்முறையீடு) என்று தனி எண்ணில், அரசு மேல்முறையீட்டாளராக வரும். தீர்ப்புக்குப் பிறகு சில மாதங்கள் அந்த வகையில் உங்கள் பெயரைப் போட்டுத் தேடுங்கள். உங்கள் ரிட் கூட்டு மனுவாக இருந்தால் அதன் முதல் மனுதாரர் பெயரில் தேடுங்கள். உங்கள் தரப்பில் தலைப்பில் அவர் பெயர்தான் நிற்கும்.