பெண் குழந்தைக்கு அரிய பெயர் தேடுபவர்களுக்கு: செயலி, பெயர்ப் புத்தகம், எண்கணிதம், தமிழ் லெக்சிகன் எல்லாம் எப்படி?

சென்னையில் பெண் குழந்தை பிறந்த வீட்டில் பெயர் தேட நான்கு வழிகள் புழக்கத்தில் இருக்கின்றன. கைபேசிச் செயலிகள், மயிலாப்பூர் மாட வீதிப் பக்கம் பஞ்சாங்கத்தோடு சேர்த்து விற்கும் மெல்லிய பெயர்ப் புத்தகங்கள், பெயர் எண் பார்ப்பவர்கள், சென்னைப் பல்கலைக்கழகத்தின் பேரகராதியான தமிழ் லெக்சிகன். முதல் மூன்றிலும் காசோ விளம்பரமோ கலந்திருக்கிறது. நான்காவது இலவசம், அதைத்தான் திறப்பார் இல்லை. இப்போது பலர் கேட்கும் ஆதிரை, ஆரா, மிஹிரா, கியாரா, யாழினி ஆகிய பெயர்களை வைத்து நான்கையும் எடை போடலாம்.

செயலிகளின் பெரிய கோளாறு, பெயரை ஆங்கில எழுத்தில் சேமித்து வைப்பது. குறில் நெடில் போய்விடும். ல, ள, ழ மூன்றும் குழம்பும். யாழினி என்று தேடினால் சிலவற்றில் யாளினி வந்து நிற்கும். யாழ் நரம்புக் கருவி. யாளி கோயில் தூணில் வாய் பிளந்து நிற்கும் விலங்கு. இரண்டாவது கோளாறு, எந்தப் பெயருக்கும் வாழ்த்துப் போன்ற பொருளையே தருவது. 'அழகு', 'ஒளி', 'தெய்வ அருள்' மூன்றையும் கலைத்துக் கலைத்துப் போட்டுக்கொண்டே இருப்பார்கள். கயல் என்றால் 'அழகிய கண்' என்று போட்டிருக்கும். கயல் மீன். கண்ணுக்கு உவமையானது கயல்விழி, அங்கயற்கண்ணி என்று தொகையாக வரும்போதுதான்.

கியாராவுக்குச் சில பட்டியல்கள் 'ஒளிமிக்கவள்' என்னும், சில 'கருங்கூந்தலாள்' என்னும். இரண்டும் கற்பனையல்ல, இரண்டு வேறு பெயர்களின் பொருள்கள். இத்தாலியக் கியாரா லத்தீன் 'கிளாரா'விலிருந்து வந்தது: தெளிவு, ஒளி. ஐரிஷ் மொழியின் கியாரா 'கியார்' என்ற சொல்லிலிருந்து வந்தது: கருமை. ஒலி நெருக்கமானதால் இரண்டையும் ஒரே கட்டத்தில் போட்டுவிட்டார்கள். சமஸ்கிருதப் பெயர் என்று எழுதியிருந்தால் அந்தப் பட்டியலை அங்கேயே மூடிவிடலாம். மைராவும் இதே கதைதான்: அது ஆங்கிலக் கவிஞர் ஃபுல்க் கிரெவில் (1554–1628) தன் காதல் கவிதைகளுக்காக உருவாக்கிய பெயர்.

தமிழ் லெக்சிகன் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வந்தது; பிறகு ஒரு பிற்சேர்க்கை. வையாபுரிப் பிள்ளை பதிப்பாசிரியராக இருந்து முடித்த வேலை. சிகாகோ பல்கலைக்கழகத்தின் தெற்காசிய அகராதித் தளத்தில் முழுதும் இருக்கிறது. அச்சுப் பிரதி பார்க்க வேண்டுமென்றால் கன்னிமாரா நூலகத்துக்கோ கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்துக்கோ போகலாம்.

அதில் ஒரு பதிவைப் படிக்கும் முறை தெரிந்தால் பாதி வேலை முடிந்தது. தலைச்சொல், இலக்கண வகை, அதையடுத்துக் கோணக்குறி போட்டு வேர்மொழிச் சொல், பிறகு ஆங்கிலப் பொருள், தமிழ்ப் பொருள், கடைசியில் வளைவுக்குள் சான்று. அந்தக் கடைசிச் சான்றைத்தான் எல்லோரும் தாண்டிப் போகிறார்கள். பெருங்காப்பியமோ திருமுறையோ சான்றாக இருந்தால் சொல் நிஜமாக வாழ்ந்திருக்கிறது. பிங்., திவா., சூடா. (பிங்கலம், திவாகரம், சூடாமணி) என்று நிகண்டின், அதாவது பழைய செய்யுள் சொற்பட்டியலின், சுருக்கம் மட்டும் இருந்தால், அது பெரும்பாலும் புலவர் பட்டியலில் இருந்த சொல். பாட்டி காதுக்கும் புதிதாக இருக்கும். பெயர் வைக்கக் கூடாதென்று இல்லை, 'சங்க காலப் பெயர்' என்று மட்டும் அழைப்புப் பத்திரிகையில் அச்சடிக்க வேண்டாம்.

ஆதிரையை இப்படிப் பார்த்தால், வேர் 'ஆர்த்ரா' என்ற வடசொல். ஈரம் என்று பொருள். வரிசையில் ஆறாம் நட்சத்திரம், வானியலில் பெரும்பாலும் பெட்டல்ஜூஸ் என்று அடையாளம் காட்டுவார்கள். வேர் வடமொழி என்பதால் பெயர் அயலாகிவிடாது. மணிமேகலையின் 16ஆம் காதையே 'ஆதிரை பிச்சையிட்ட காதை'. சாதுவனின் மனைவி ஆதிரைதான் அமுதசுரபியில் முதல் பிச்சை இடுகிறாள். இத்தனை பழைய சான்றுள்ள பெயர் இன்றும் வகுப்பில் அரிதாகவே இருப்பது ஆச்சரியம். ஒரு சிறு தொல்லை மட்டும் உண்டு: குழந்தை வேறு நட்சத்திரமாக இருந்தால், வருகிற உறவினரெல்லாம் 'திருவாதிரையா?' என்றுதான் ஆரம்பிப்பார்கள்.

ஆராவில் லெக்சிகன் இன்னும் கூர்மையாக உதவும். ஆர்தல் என்றால் நிறைதல், உண்ணுதல். அதன் எதிர்மறை ஆரா: நிறையாத, தெவிட்டாத. குடந்தைப் பெருமாள் ஆராவமுதனின் பெயரில் அந்த 'ஆரா' அமுதைத் தழுவி நிற்கிறது. தனியே வெட்டி எடுத்தால் பாதிச் சொற்றொடர்தான் மிஞ்சும். செயலிகள் காட்டும் 'அணி செய்பவள்' என்ற பொருள் பாரசீக ஆராவுக்கு உரியது. ஷாஜகானின் மகள் ஜஹானாராவின் பெயரில் இருப்பது அது. பெற்றோர் இரண்டில் ஒன்றைத் தேர்ந்துகொள்ள வேண்டும். 'ஆரா' தமிழ், பொருள் 'அணி' என்று கலந்து சொன்னால் தமிழாசிரியர் ஒருவர் என்றாவது கேட்பார்.

லெக்சிகனின் குறை அதன் வயது. யாழினி, மகிழினி போன்றவை நம் காலத்தில் வனைந்த பெயர்கள். அவற்றை அப்படியே தட்டினால் பயனில்லை, யாழ், மகிழ் என்று பிரித்துத் தேட வேண்டும். தேடும் பெட்டியில் தலைச்சொல்லில் மட்டும் தேடும்படி வைத்துக்கொள்ளவும். இல்லாவிட்டால் குறிப்பிட்ட எழுத்துச் சேர்க்கை வருகிற பதிவெல்லாம் கொட்டும். மிஹிராவுக்கு மோனியர் வில்லியம்ஸின் 1899ஆம் ஆண்டு சமஸ்கிருத அகராதி வேண்டும். கொலோன் பல்கலைக்கழகத் தளத்தில் இருக்கிறது. மிஹிர என்றால் சூரியன், வராகமிஹிரரின் பெயரில் வருவது. ஆண்பால் சொல், பாரசீக 'மிஹ்ர்' வழியாக வந்திருக்கலாம் என்று அவரே குறிக்கிறார். கடைசி எழுத்தை நீட்டிப் பெண்பாலாக்கியது இக்காலப் பழக்கம். பாவாணர் வழியில் தமிழ்நாடு அரசு வெளியிட்ட சொற்பிறப்பியல் பேரகரமுதலியும் உண்டு. அது எதற்கும் தமிழ் வேரையே தேடும் இயல்புடையது, லெக்சிகனோடு ஒப்பிட்டுப் படித்தால் நல்லது.

பெயர்ப் புத்தகங்களில் உருப்படியானது நட்சத்திர எழுத்துப் பட்டியல் ஒன்றுதான், அதுவும் தமிழில் வரும்போது சிதைந்துவிடுகிறது. திருவாதிரைக்கு நான்கு பாதத்துக்கும் கு, க, ங, ச என்று போட்டிருக்கும். மூலத்தில் அந்தக் க, ச இரண்டும் வடமொழியின் மூச்செழுத்துகள். நம் எழுத்தில் அந்த வேறுபாடு இல்லை. ங-வில் தொடங்கும் பெயருக்கு எங்கே போவது? புத்தகங்கள் அந்த இடத்தில் சத்தமில்லாமல் வேறு எழுத்தைப் போட்டுவிடும். 'தூய தமிழ்ப் பெயர்கள்' பகுதியைச் சரிபார்க்க ஒரு நொடி போதும்: ட, ர, ல மூன்றும் தமிழ்ச் சொல்லுக்கு முதலில் வாரா. லயா, ரியா அந்தப் பட்டியலில் இருந்தால் தொகுத்தவர் இலக்கணம் பார்க்கவில்லை.

எண்கணிதத்துக்குப் பணம் கொடுக்குமுன் ஆதிரையை ஒருமுறை நீங்களே கூட்டிப் பாருங்கள். ஆங்கிலத்தில் A-D-H-I-R-A-I. கைரேகை, எண் பலன் எழுதிய கீரோ பிரபலமாக்கிய, எழுத்துக்கு எண் கொடுத்துக் கூட்டும் முறையில் 1+4+5+1+2+1+1 = 15, அதாவது 6. D-க்குப் பதில் T போட்டாலும் 4தான், கூட்டலும் 15தான். எழுத்துகளுக்கு வரிசையாக 1 முதல் 9 வரை கொடுக்கும் பித்தாகரஸ் முறையில் முதல் வடிவம் 41, அதாவது 5. இரண்டாவது 39, அதாவது 3. எந்த முறை என்று சொல்லாமல் 'எண் சரியில்லை' என்பவரிடம் மேற்கொண்டு பேச ஒன்றுமில்லை. தொடக்கத்தில் இன்னொரு ஏ சேர்க்கச் சொல்வது பரவாயில்லை, நெடிலையாவது காட்டும். கடைசியில் ஐ-யை இரட்டிப்பதுதான் தொல்லை: ஆதாரில் ஒன்று, பள்ளிச் சான்றிதழில் ஒன்று, பாஸ்போர்ட்டில் ஒன்று என்று ஆகிவிடும். 2023 அக்டோபர் 1 முதல் பிறந்தவர்களுக்குப் பிறப்புச் சான்றிதழே பிறந்த தேதிக்கான அடிப்படை ஆவணம். அதிலுள்ள எழுத்துக்கூட்டே பின்னால் எல்லாவற்றையும் இழுத்துக்கொண்டு வரும்.

அவசரப்படவும் தேவையில்லை. பிறப்பை 21 நாளுக்குள் பெயரில்லாமலேயே பதியலாம். பதிவான நாளிலிருந்து 12 மாதம் வரை கட்டணமின்றிப் பெயர் சேர்க்கலாம், பிறகு 15 ஆண்டு வரை தாமதக் கட்டணத்தோடு. சேர்க்கும்போது தமிழ் வடிவத்தையும் ஆங்கில வடிவத்தையும் தனித்தனியே ஒருவர் உரக்கப் படிக்க, இன்னொருவர் சரிபார்ப்பது நல்லது. ஆதிரை 'அதிரை' ஆகிவிட்டால் பெயர் பட்டுக்கோட்டைப் பக்கத்து அதிராம்பட்டினத்துக்குப் போய்விடும். எழுத்துப் பிழையைப் பதிவாளரிடம் திருத்தலாம். மனம் மாறி வேறு பெயர் வைப்பதென்றால் அது திருத்தமாகாது. அரசிதழ் அறிவிப்பு வரை போக வேண்டியிருக்கும்.