எனக்கு ஜெங்கர் கிடைத்த கதை: போக்கிமானோடு 20 வருடம்

எங்கள் தெருவில் பொன்வண்டு வளர்க்காத பையன் கிடையாது. தீப்பெட்டிக்குள் இலையைப் போட்டு, மூடியில் ஓட்டை குத்தி, பள்ளிக்கூடத்துக்கே எடுத்துப் போவோம். கற்பனைப் பிராணிகளைப் பிடித்துச் சேர்க்கும் போக்கிமான் என்ற வீடியோ கேமை உருவாக்கிய சதோஷி தஜிரியும் இதே கேஸ்தான். டோக்கியோவின் புறநகரான மச்சிதாவில் வண்டு பிடித்துத் திரிந்தவர். வயலும் குட்டையும் கட்டடமாகிவிட, அந்தச் சுகம் அடுத்து வரும் பிள்ளைகளுக்கு இல்லையே என்று யோசித்தவர். கையில் வைத்து ஆடும் கேம்பாய் கருவிகள் இரண்டை இணைக்கும் கேபிளைப் பார்த்தபோது, அதன் வழியாகப் பூச்சி ஒன்று ஊர்ந்து அந்தப் பக்கம் போவதுபோல அவருக்குத் தோன்றியதாம். ஏறக்குறைய ஆறு வருட உழைப்புக்குப் பிறகு, 1996 பிப்ரவரி 27 அன்று ரெட், க்ரீன் என்று இரண்டு கேம்களாக ஜப்பானில் வெளியானது. ஒன்றில் கிடைக்கும் சில போக்கிமான்கள் இன்னொன்றில் கிடைக்காது. எல்லாம் வேண்டுமென்றால் பக்கத்து வீட்டுப் பையனிடம் போய் நின்றே ஆகவேண்டும்.

எங்களிடம் கேம்பாயும் இல்லை, கேபிளும் இல்லை. 2003-இல் கார்ட்டூன் நெட்வொர்க்கில் தொடர் வந்தது, பின்னாலேயே சிப்ஸ் பாக்கெட்டுக்குள் டாசோ என்ற போக்கிமான் படம் போட்ட வட்டச் சில்லு வந்தது. தண்டையார்பேட்டையில் எங்கள் தெருமுனைக் கடையில் பாக்கெட்டை வெளியிலிருந்தே தடவித் தடவி, வட்டமாக ஏதாவது தட்டுப்படுகிறதா என்று பார்ப்போம். "இன்னாப்பா, அமுக்கி அமுக்கிப் பாக்குற? தூள் ஆயிட்டா யாரு வாங்குவா?" என்று கடைக்கார அண்ணன் விரட்டுவார். பாதி நாள் சிப்ஸை நாய்க்குப் போட்டதுதான் மிச்சம்.

உண்மையான கேம் கைக்கு வந்தது பிரவுசிங் சென்டரில். மணிக்கு 15 ரூபாய், கேம்பாய் கேமைக் கம்ப்யூட்டரில் ஓடவிடும் எமுலேட்டரில், அந்த ரெட்டின் புது வடிவமான ஃபயர் ரெட். எனக்கு அப்போது ஆங்கிலம் தடவல்தான். கேமில் வரும் சாஃப்ரன் சிட்டி என்ற ஊரின் வாசலில் ஒரு காவலாளி நின்றுகொண்டு உள்ளே விடமாட்டான். மூன்று நாள், அதாவது 45 ரூபாய், சுற்றிச் சுற்றி வந்தேன். கடைசியில் கல்லூரி படிக்கும் அண்ணன் ஒருவர் எட்டிப்பார்த்துவிட்டு, "அவனுக்குத் தாகமாம்டா, டீ வேணுமாம்" என்றார். செலடான் ஊரில் ஒரு பாட்டியிடம் டீ வாங்கி வந்து கொடுத்தால் வழிவிடுவான்! இதை முதலிலேயே சொல்லியிருந்தால் எங்கள் ஏரியாப் பையனுக்குப் புரியாதா என்ன.

அந்த கேமில் சேவ் செய்ய ஒரே ஒரு இடம்தான் உண்டு. ஆறாவது ஜிம், அதாவது ஜெயித்தாக வேண்டிய சண்டைக் களம், முடித்த மறுநாள் போனால், வேறொருவன் புதிதாக ஆரம்பித்து என்னுடையதன் மேலேயே சேவ் போட்டிருந்தான். அவன் இப்போது காசிமேட்டில் ஐஸ் வியாபாரம் செய்கிறான், இன்றுவரை "நான் இல்ல மச்சி" என்றுதான் சாதிக்கிறான்.

அதைவிடப் பெரிய குறை ஹான்ட்டர் என்ற பேய் போக்கிமான். அதை இன்னொருவரோடு டிரேடு செய்தால், அதாவது கைமாற்றினால்தான், ஜெங்கர் என்ற அடுத்த வடிவமாக மாறும். கடாப்ரா, மச்சோக், கிராவலருக்கும் இதே விதி. எமுலேட்டரில் தனியாக உட்கார்ந்திருப்பவன் யாரோடு டிரேடு செய்வது? எத்தனை தடவை கேமை முடித்தாலும் ஹான்ட்டர் ஹான்ட்டராகவே இருந்தது.

2016 ஜூலையில், தெருவில் நடந்து நடந்து போனில் போக்கிமான் பிடிக்கும் போக்கிமான் கோ வெளிநாடுகளில் வெளியானதும், இந்தியாவுக்கு வரும்வரை பொறுக்காமல் ஏபிகே கோப்பாக இறக்கிக்கொண்டவர்களில் நானும் ஒருவன். இங்கே முறைப்படி வந்தது அந்த டிசம்பரில், ஜியோ கடைகளே போக்கிஸ்டாப்பாக, அதாவது கேமுக்கு வேண்டிய பொருள் கிடைக்கும் இடமாக, மாறிய கூட்டணியோடு. இதன் வரைபடம் இன்கிரஸ் என்ற பழைய கேமை ஆடியவர்கள் குறித்துக் கொடுத்த இடங்களில் இருந்து எடுத்தது. ஆடியவர்கள் இருந்த பக்கம் ஸ்டாப் அதிகம், இல்லாத பக்கம் குறைவு. எங்களுக்குக் கோயில், சர்ச், ராயபுரம் ஸ்டேஷன் என்று அங்கொன்றும் இங்கொன்றும்தான். பிறகு ஆடுபவர்களே இடத்தைப் பரிந்துரைக்கலாம் என்று வந்ததும், எங்கள் கேரம் கிளப்பை நான் எழுதிப் போட்டேன், ஏற்றுக்கொண்டார்கள். கிளப் பெரியவர் ஒருவரிடம் போனில் காட்டினேன். "இதுல நான் எங்க இருக்கேன்?" என்றுதான் கேட்டார்.

2017-இல் ரெய்டு வந்த பிறகுதான் இது ஊரோடு ஆடும் ஆட்டம் ஆனது. பெரிய போக்கிமானை ஒருவனால் வீழ்த்த முடியாது, நாலைந்து பேராவது வேண்டும். ராபின்சன் பூங்காவில் சாயங்காலம் கூடுவோம். 1949-இல் தி.மு.க.வின் தொடக்கக் கூட்டம் நடந்த அதே பூங்காதான். ஐடி கம்பெனிக்காரர், மெக்கானிக், பிளஸ் டூ பையன், குழந்தையோடு வரும் ஒரு அக்கா, எல்லாரும் போனைப் பார்த்தபடி நிற்போம். "இன்னா தம்பி, ஸ்கோர் எவ்ளோ?" என்று கேட்டுவிட்டுப் போவார்கள் நடைப்பயிற்சிக்கு வருபவர்கள்.

நடுவில் ஒன்றரை வருடம் விட்டுவிட்டேன். இப்போது லெவல் 43. புதிதாக இறங்குபவர்களுக்குச் சொல்ல வேண்டியது கொஞ்சம் உண்டு. பேட்டரியை உறிஞ்சிவிடும், பவர் பேங்க் கட்டாயம். அட்வென்ச்சர் சிங்க்கைப் போட்டுக்கொள்ளுங்கள், ஆப் மூடியிருந்தாலும் நடந்த தூரம் கணக்கில் ஏறும். கேமில் கிடைக்கும் முட்டை நடந்தால்தான் பொரியும், மெட்ரோவில் போனால் பொரியாது. எண்ணூர் நெடுஞ்சாலையில் கன்டெய்னர் லாரிக்கு நடுவே போனைப் பார்த்துக்கொண்டு நடக்கவே வேண்டாம், நான் ஒரு தடவை தப்பித்ததே போதும். காசு செலவழிக்காமலும் ஆடலாம், கொஞ்சம் பொறுமை வேண்டும், அவ்வளவுதான். 2023-இல் 800-க்கும் மேற்பட்ட போக்கிமான்களுக்கு இந்தியில் பெயர் வைத்தார்கள். தமிழில் வந்தால் என்ன பெயர் வைக்கலாம் என்று நாங்களே பூங்காவில் பேசிக்கொள்வோம். எப்போதும் தூங்கும் ஸ்நார்லாக்ஸுக்குக் 'கும்பகர்ணன்' என்பதில் யாருக்கும் மறுப்பில்லை.

போக்கிமான்கள் இப்போது ஆயிரத்தைத் தாண்டிவிட்டன. எல்லாவற்றின் பெயரும் எனக்குத் தெரியாது, அக்கா மகனுக்குத் தெரியும். போன தீபாவளிக்கு அவன் வந்திருந்தபோது, அக்கா போனில் அவன் பிடித்து வைத்திருந்த ஹான்ட்டரைக் கேட்டேன். பதிலுக்கு மூன்று போக்கிமான் தருவதாகப் பேரம் முடிந்தது. போக்கிமான் கோ-வில் டிரேடு செய்யப் பொதுவாக இருவரும் பக்கத்தில் இருக்க வேண்டும். நாங்கள் ஒரே வாசற்படியில் உட்கார்ந்திருந்தோம். வந்து சேர்ந்த ஹான்ட்டரை ஜெங்கராக மாற்ற, கேமில் வழக்கமாகக் கேட்கும் மிட்டாய் ஒன்றுகூடக் கேட்கவில்லை, டிரேடில் வந்ததற்கு அது இலவசம். அழுத்தினேன். வெள்ளை ஒளி சுற்றி, ஊதா நிறத்தில் பல்லைக் காட்டிக்கொண்டு ஜெங்கர் நின்றது.

நான் போனை வைக்காமல் பார்த்துக்கொண்டே இருந்ததைக் கவனித்துவிட்டு, "என்கிட்ட இது நாலு இருக்கு மாமா" என்றான்.