கோத்தான் புராஜெக்ட்: துருத்தியும் கணினியும் சேர்ந்த டாங்கோ

அர்ஜென்டினக் கிதார் கலைஞர் எதுவார்தோ மகாரோஃப், பாரிசில் பிலிப் கோஹன் சோலால், கிறிஸ்டோஃப் முல்லர் ஆகியோருடன் அமைத்த ‘கோத்தான் புராஜெக்ட்’ குழுவின் முதல் தொகுப்பான ‘லா ரெவாஞ்சா டெல் டாங்கோ’ 2001-இல் வெளிவந்தது. அர்ஜென்டின நடன இசையான டாங்கோவின் பெயரில் அசைகளை இடம் மாற்றினால் கோத்தான். அர்ஜென்டினத் தலைநகர் புவெனஸ் ஐரிஸின் தெருப்பேச்சில் வழங்கும் பழைய குறும்பு இது. துருத்தியை விரித்து மூச்சிழுக்கும் பாண்டோனியான் என்ற கருவி முன்னே நிற்க, கணினியில் கோத்த தாளம் அதன் கீழே அடங்கி நடப்பதே இத்தொகுப்பின் பெரும் பலம். டாங்கோ இசையமைப்பாளர் பியாசோலா இசையமைத்த ‘வுவெல்வோ அல் சுர்’ பாடலை ஹெட்ஃபோனில் கேட்டால், கிறிஸ்டினா விலாயோங்காவின் குரல் காதருகே முணுமுணுப்பதுபோல் ஒலிக்கிறது. எனினும் ஆறேழு நிமிடம் நீளும் சில பாடல்களில் ஒரே தாளச் சுழற்சி திரும்பத் திரும்ப வந்து அலுப்பூட்டுகிறது; பழைய டாங்கோவின் திடீர் நிறுத்தங்களுக்குப் பழகியவர்களுக்கு இது ஏமாற்றமாகவே இருக்கும். அவர்கள், நேரடிக் கருவியிசை மிகுந்த, இக்குழுவின் பிந்தைய தொகுப்பான ‘லுனாட்டிகோ’விலிருந்து (2006) தொடங்கலாம்.